தங்கவயல் சீமையின் நடிகர் பி. ஆர். பந்துலு

கோலார் தங்கவயலின் சரித்திரத்தை எழுதுகிறவர்கள், பூமியின் அடியிலிருந்து எடுத்த பொன்னின் எடையைக் கொண்டே அதை எழுதிவிடுவது வழக்கமாகிவிட்டது. எத்தனை ஆயிரம் அடி ஆழம் தோண்டினார்கள், எத்தனை டன் தங்கம் கப்பலேறி லண்டனுக்குப் போயிற்று, சுரங்கத்தில் பாறை வெடித்துச் சரிந்து எத்தனை குடும்பங்கள் நாதியற்றுப் போயின என்ற கணக்குகள் யாவும் உண்மையானவை, மறக்கக்கூடாதவை. எனினும், அந்தப் பிரதேசத்தின் மேற்பரப்பில், தமிழும் தெலுங்கும் கன்னடமும் ஒரே சந்தையில் பேரம் பேசி, ஒரே திருவிழாவில் தேர் இழுத்து, ஒரே கொட்டகையில் நாடகம் பார்த்து வாழ்ந்த ஜனசமூகத்திலிருந்து கலையுலகுக்கு என்ன கிடைத்தது என்ற கேள்வியை நாம் அபூர்வமாகத்தான் கேட்கிறோம். அந்தக் கேள்விக்கு விடையாக நிற்கிறவர்களில் முதன்மையானவர் பி. ஆர். பந்துலு. 'வீரபாண்டிய கட்டபொம்மன்', 'கர்ணன்', 'ஆயிரத்தில் ஒருவன்' ஆகிய படங்களின் டைரக்டராக அவரைத் தமிழர் அறிவர். ஆனால் 1936 முதல் 1974 வரை நீண்ட அவருடைய கலைவாழ்வுக்கு ஆதாரமாக இருந்தது நடிப்பு. அவர் நடிகராகத் தொடங்கினார். டைரக்டராகவும் படாதிபதியாகவும் கீர்த்தி பெற்ற பின்னரும் நடிகராகவே நீடித்தார். அந்த நடிகரைப் பற்றிய சரித்திரமே இந்தக் கட்டுரை.

அவர் பிறந்த சீமையின் தன்மையை அறியாமல் அவருடைய கலையின் தன்மையை அறிய இயலாது. திப்பு சுல்தான் வீழ்ந்த பின்னர், மைசூர் ராஜ்யத்தின் கிழக்கு எல்லையை அளக்க வந்த லெப்டினன்ட் ஜான் வாரன் என்ற ராணுவ உத்தியோகஸ்தர், மாரிக்குப்பம், உரிகம் ஆகிய கிராமங்களில் ஜனங்கள் மண்ணைக் கழுவியும் பாறையைப் பொடித்தும் பொன் எடுப்பதை 1802-ஆம் ஆண்டில் கண்டு எழுதிவைத்தார். இவ்வாறு, எல்லை அளக்க வந்தவர் கண்ணில் பட்டதே தங்கவயலின் நவீன சரித்திரத்துக்கு ஆரம்பமாயிற்று. எழுபது ஆண்டுகள் கழித்து, நியூஜிலாந்து யுத்தத்திலிருந்து திரும்பிய லவெல் என்ற ஐரிஷ் சிப்பாய் அந்தக் குறிப்புகளைப் பற்றிக்கொண்டு வந்து, மைசூர் சமஸ்தானத்திடம் 1873-இல் அனுமதி பெற்றுத் தோண்டத் தொடங்கினார். அவருடைய கைப்பொருள் அந்த வேலைக்குப் போதாமற்போக, 1880-இல் ஜான் டெய்லர் கம்பெனி உள்ளே வந்தது. சில ஆண்டுகளிலேயே சாம்பியன் ரீப்பின் வளமான பொன்ரேகை தென்பட்டது. அதன் பின் அந்த வறண்ட மேட்டுநிலம் பட்டணமாக மாறிற்று. 1894-இல் பௌரிங்பேட்டையிலிருந்து மாரிக்குப்பத்துக்கு ரயில் வந்தது. 1902-இல் காவிரியின் சிவசமுத்திர அருவியிலிருந்து 92 மைல் தூரம் கம்பி இழுத்து மின்சாரமும் கொண்டுவந்தார்கள். அந்நாளில் உலகத்திலேயே மிக நீண்ட மின்பாதைகளுள் ஒன்று அது.

அந்தப் பட்டணத்தைத் தம் கைகளால் உண்டாக்கியவர்கள் பெரும்பாலும் வட ஆற்காடு, தென் ஆற்காடு, சேலம் ஜில்லாக்களிலிருந்து பஞ்சத்துக்கும் பண்ணை அடிமைத்தனத்துக்கும் தப்பி வந்த தமிழர்கள். சித்தூர்ப் பக்கத்திலிருந்து தெலுங்கர்கள் வந்தார்கள். சுற்றுக் கிராமங்களிலிருந்து கன்னடர்கள் வந்தார்கள். 1901-ஆம் ஆண்டு ஜனக்கணக்கில் 38,204 பேர் அங்கே இருந்தார்கள். தட்டிகளால் அடைத்த லைன் வீடுகளில் அவர்களில் பெரும் பகுதியினர் குடியிருந்தார்கள். சுரங்கத்திலிருந்து வந்த மண், சயனைடு மேடுகளாகக் குவிந்து அந்த வீடுகளைச் சூழ்ந்துகொண்டது. ஆயினும் அந்த ஜனங்கள் கல்வியிலும் கலையிலும் தாழ்ந்துவிடவில்லை. அயோத்திதாச பண்டிதரின் பௌத்த இயக்கம் மாரிக்குப்பத்தில் வேரூன்றியது. அவருடைய 'தமிழன்' பத்திரிகையை அவர் காலத்துக்குப் பின்னர் ஜி. அப்பாதுரையார் சாம்பியன் ரீப்ஸிலிருந்தே நடத்திவந்தார். பகலும் இரவும் மாறி மாறிச் சுரங்கத்தில் இறங்கிய தொழிலாளி, வேலை ஓய்ந்த நாளில் தெருக்கூத்தையும் பஜனையையும் கம்பெனி நாடகத்தையும் நாடிப் போனான். பிற்காலத்தில் சினிமாவை நாடினான்.

இத்தகைய தங்கவயலுக்கு அண்மையில், கோலார்ப் பிரதேசமும் குப்பமும் சந்திக்கும் எல்லைச் சீமையிலுள்ள புடுகூர் என்னும் ஊரைத் தம் பெயரின் முதலெழுத்தில் சுமந்தவர் புடுகூர் ராமகிருஷ்ணய்ய பந்துலு. 1910-ஆம் ஆண்டு ஜூலை மாதம் 26-ஆம் தேதி அவர் பிறந்தார். ஒரு பர்லாங் தூரம் நடந்தால் பேச்சு மாறும் அந்தப் பூமியில், மூன்று பாஷைகளையும் காதால் கேட்டே கற்றுக்கொள்ளும் பாக்கியம் பிள்ளைகளுக்கு இயல்பாக வாய்க்கிறது. பாஷைக்குப் பாஷை மாறும் வசனத்தின் ஏற்ற இறக்கத்தையும், ஒரே துக்கத்தைத் தமிழ்த் தாய் எவ்வாறு சொல்வாள், கன்னடத் தாய் எவ்வாறு சொல்வாள் என்ற நுட்பத்தையும் பிற்காலத்தில் அவர் படமெடுத்த முறையில் காண்கிறோமே, அந்த ஞானத்துக்கு மூலம் இந்த எல்லைச் சீமைதான் என்று நான் உறுதியாக எண்ணுகிறேன்.

பந்துலு ஆரம்பத்தில் உபாத்தியாயர் தொழிலைச் சிறிது காலம் பார்த்தார். அந்நாளில் படித்த குடும்பத்துப் பிள்ளைக்கு அது கௌரவமான ஜீவனம். நாடகமோ, பெரியவர்கள் முகஞ்சுளித்த தொழில். அப்படியிருந்தும் அவர் நாடகத்தையே தேர்ந்துகொண்டார். மைசூர் ராஜ்யத்தில் அக்காலத்தில் குப்பி வீரண்ணாவின் கம்பெனி பெரும் புகழோடு விளங்கிற்று. அதன் பகட்டான காட்சிகளுக்கு எதிராக, பேச்சின் உண்மையையும் அபிநயத்தின் இயற்கையையும் நம்பிய மற்றொரு கம்பெனி, முகம்மது பீர் என்ற மகா நடிகரின் சந்திரகலா நாடக மண்டலி. பந்துலு சேர்ந்தது அந்த மண்டலியில்தான். ஓர் இஸ்லாமியர் தலைமை தாங்க, பல ஜாதியினரும் பல பாஷையினரும் ஒரே பந்தியில் உண்டு ஒரே மேடையில் நடித்த அந்தக் கூட்டத்தில் அவர் பெற்ற பயிற்சி, அவருடைய வாழ்நாள் முழுவதும் அவரோடு வந்தது. பீர் நீண்ட ஆயுள் பெறவில்லை. 1937-இல் இளவயதிலேயே மறைந்தார். அவருடைய நடிப்பு முறை கன்னடத் திரைக்குள் பிரவேசித்த வழிகளுள் ஒன்று பந்துலு.

அந்த மண்டலிக்காக எச். எல். என். சிம்ஹா எழுதிய நாடகம் 'சம்சார நௌகா'. அதையே 1936-இல் சிம்ஹாவே டைரக்ட் செய்து சினிமாவாக்கியபோது பந்துலு கதாநாயகர் ஆனார். கதாநாயகி எம். வி. ராஜம்மா. கன்னடத்தில் பேசும் படம் தோன்றி அப்போது இரண்டு ஆண்டுகளே ஆகியிருந்தன. 1934-இல் வந்த 'சதி சுலோசனா', 'பக்த துருவா' ஆகியவை புராணக் கதைகள். அடுத்த ஆண்டு வந்த 'சதாரமே' மேடையில் பழகிப்போன கதை. நிகழ்காலத்துக் குடும்பம், நிகழ்காலத்து வறுமை, பெரியவர்களின் சம்மதமின்றிச் செய்த விவாகத்தின் விளைவுகள் ஆகியவற்றைக் கன்னட ரசிகர்கள் வெள்ளித்திரையில் முதன்முதலாகக் கண்டது 'சம்சார நௌகா'வில்தான். கிரீடம் வைத்த முகத்தையே திரையில் பார்த்துப் பழகியவர்களுக்கு முன்னே, சாதாரண உடுப்பில் வந்து, வேலை தேடி அலையும் இளைஞனின் மனக்கஷ்டத்தைக் காட்டி ஜெயிப்பது எளிய காரியமன்று. இருபத்தாறாவது வயதில் பந்துலு அதைச் செய்தார். அவருக்கு இயல்பாகப் பொருந்திய பாத்திரம் எது என்பதும் அப்போதே தீர்மானமாகிவிட்டது: கௌரவத்தை இழக்காமல் கஷ்டத்தைத் தாங்கும் நடுத்தரக் குடும்பத்து மனிதன்.

அடுத்த பத்தாண்டுகள் தென்னிந்திய நடிகர் எவருக்குமே நிம்மதியான காலமாக இருக்கவில்லை. யுத்தம் வந்தது, பிலிம் கிடைப்பது அரிதாயிற்று, கன்னடப் படங்கள் விரல்விட்டு எண்ணும் அளவுக்குக் குறைந்தன. கன்னட நடிகர்களுக்குச் சென்னையே கதியாக இருந்தது. ஸ்டூடியோக்களும் முதலாளிகளும் அங்கேதான் இருந்தார்கள். அந்தக் கஷ்ட காலத்திலும் எம். வி. ராஜம்மா துணிந்து 1943-இல் 'ராதா ரமணா' என்ற படத்தைத் தயாரித்தார். கன்னடத்தில் ஒரு பெண்மணி தயாரித்த முதல் படம் அது. பந்துலு அதிலும் நடித்தார். சம்சார நௌகாவில் சேர்ந்த இந்த இரு நடிகர்களின் தோழமை, தென்னிந்திய சினிமாவில் மிக நீண்ட தொழில் உறவுகளில் ஒன்றாக வளர்ந்தது.

தமிழ் ரசிகர்கள் பந்துலுவை நன்கு அறிந்துகொண்டது 1947-ஆம் ஆண்டின் தொடக்கத்தில் வெளிவந்த 'நாம் இருவர்' படத்தில். ப. நீலகண்டன் எழுதிய நாடகத்தை ஏவி. எம். செட்டியார் வாங்கி, தாமே டைரக்ட் செய்து எடுத்த படம் அது. பாரதியாரின் பாட்டுக்களும், வரப்போகும் சுதந்திரத்தின் உற்சாகமும் சேர்ந்து அப்படத்தை மாபெரும் வெற்றியாக்கின. டி. ஆர். மகாலிங்கத்துக்குத் தமையனாக வந்த பந்துலுவின் தமிழ் உச்சரிப்பில் அந்நிய வாடை வீசவில்லை. அந்தப் படத்தில் அவருக்குக் கிடைத்த புகழைவிடவும் பெரிய லாபம் நீலகண்டனின் நட்பு. இருவரும் சேர்ந்து படமெடுக்கத் துணிந்தார்கள். அதன் விளைவாகத் தோன்றியது பத்மினி பிக்சர்ஸ்.

பத்மினி பிக்சர்ஸின் ஆரம்பப் படங்களில் நீலகண்டன் டைரக்ட் செய்ய, பந்துலு தயாரிப்பாளராக இருந்தார். 1954-இல் வந்த 'கல்யாணம் பண்ணியும் பிரம்மச்சாரி' சிவாஜி கணேசனையும் பத்மினியையும் ஹாஸ்யக் கதையில் காட்டி ஜெயித்தது. 1955-இல் வந்த 'முதல் தேதி' வேறு தரத்தது. மாதச் சம்பளத்தை நம்பி வாழும் குமாஸ்தா, பாங்கி மூழ்கியதும் வேலையை இழந்து, குடும்பத்தைக் காப்பாற்ற வழியின்றித் தவிக்கும் கதை. தமிழில் அந்தக் குமாஸ்தாவாகச் சிவாஜி கணேசன் நடித்தார். அதே ஆண்டு 'மொதல தேதி' என்று கன்னடத்தில் வந்தபோது, அதே பாத்திரத்தைப் பந்துலுவே ஏற்றார், மனைவியாக ராஜம்மா நடித்தார். ஒரே துயரத்தை இரண்டு நடிகர்கள் இரண்டு பாஷைகளில் ஒரே ஆண்டில் நடித்துக் காட்டியது தென்னிந்திய நடிப்புக் கலையின் சரித்திரத்தில் ஆராயத்தக்க நிகழ்ச்சி. சிவாஜி கணேசனின் நடிப்பு மேலெழுந்து விரிவது. பந்துலுவின் நடிப்பு உள்ளே அடங்குவது. ஒருவர் தம் வேதனையைச் சபைக்கு எடுத்துரைக்கிறார். மற்றவர் தம் வேதனையை மனைவிக்கும் தெரியாமல் மறைக்க முயன்று தோற்கிறார். இரண்டுமே சிறந்த முறைகள். எந்த முறை தமக்கு உரியது என்பதையும், எந்த முறை எந்த ரசிகர்களைக் கவரும் என்பதையும் பந்துலு தெளிவாக அறிந்திருந்தார் என்பதே இங்கே கவனிக்க வேண்டிய விஷயம். சம்பள நாளை எண்ணி எண்ணி வாழும் தொழிலாளர் நிறைந்த தங்கவயலுக்கு அண்டையில் வளர்ந்தவருக்கு, அந்தக் கதையின் சாரத்தை யாரும் விளக்கிச் சொல்லத் தேவையிருந்திராது.

1957-இல் 'தங்கமலை ரகசியம்' என்ற படத்தை அவரே டைரக்ட் செய்தார். கன்னடத்தில் அது 'ரத்னகிரி ரகசிய' என்று வெளிவந்தது. அதன் பின்னர் அவருக்குக் கைவந்த வழி தமிழ், கன்னடம் ஆகிய இரு பாஷைகளிலும் ஒரே கதையை எடுப்பது. அந்த வழக்கத்துக்குப் பொருளாதாரக் காரணமும் உண்டு. அந்நாளில் கன்னடப் படத்தின் வசூல் குறுகியது. போட்ட பணம் அந்த ஒரு பாஷையிலேயே திரும்பி வருமென்ற நிச்சயம் இல்லை. ஒரே செட்டு, ஒரே உடுப்பு, ஒரே தொழில்நுணுக்கக் குழு ஆகியவற்றைக் கொண்டு இரண்டு படங்கள் எடுத்தால் தமிழில் வரும் வரும்படி கன்னடத்தைத் தாங்கும். இவ்விதமாகச் சென்னை ஸ்டூடியோக்களின் நிழலிலேயே கன்னட சினிமா வளர வேண்டியிருந்த காலத்தில், அந்த நிழலை அதற்கு நிலையாக உண்டாக்கிக் கொடுத்தவர்களில் பந்துலு முதல் வரிசையில் நிற்கிறார்.

நடிகர் பந்துலுவின் சிகரம் 1958-இல் வந்த 'ஸ்கூல் மாஸ்டர்'. இளமையில் தாம் பார்த்த தொழிலையே திரையில் ஏற்று, ரங்கண்ணா என்ற உபாத்தியாயராக அவர் வாழ்ந்தார். அந்த உபாத்தியாயர் நேர்மை தவறாதவர். பள்ளிக்கூடத்தைச் சீர்திருத்த முயன்று ஊர்ப் பெரிய மனிதர்களின் பகையைத் தேடிக்கொள்பவர். பிள்ளைகளை ஆளாக்கியபின் ஓய்வு பெற்று, வயோதிகத்தில் அந்தப் பிள்ளைகளாலேயே கைவிடப்படுபவர். தாய் ஒரு மகன் வீட்டிலும் தந்தை மற்றொரு மகன் வீட்டிலுமாகப் பிரிக்கப்படும் கட்டத்தில், வெகு காலம் ஒன்றாக வாழ்ந்த தம்பதிகள் பிரிவதைப் பந்துலுவும் ராஜம்மாவும் நடித்த விதத்துக்குப் பெரிய பேச்சுகள் எதுவும் துணை நிற்கவில்லை. இருபத்திரண்டு ஆண்டுகளுக்கு முன் சம்சார நௌகாவில் இளம் தம்பதிகளாகத் தோன்றியவர்களே இங்கே முதிய தம்பதிகளாக வருகிறார்கள் என்பதை நினைத்துப் பார்க்கும்போது, அந்தப் பிரிவின் கனம் இரண்டு மடங்காகிறது. கடைசியில் ஆசிரியருக்குக் கைகொடுப்பவன் அவருடைய பழைய மாணவன். அந்த மாணவனாகக் கௌரவ வேஷத்தில் வந்தவர், தமிழ்த்திரையின் முன்னணி நட்சத்திரமாக ஏற்கெனவே உயர்ந்துவிட்ட சிவாஜி கணேசன்.

அந்தப் படம் இருபத்தைந்து வாரம் ஓடி, வெள்ளிவிழாக் கண்ட முதல் கன்னடப் படம் என்ற கீர்த்தியைப் பெற்றது. தமிழில் அது 'எங்கள் குடும்பம் பெரிசு' என்று வந்தது. 1959-இல் இந்திக்குப் போயிற்று. 1964-இல் மலையாளத்தில், பந்துலுவிடம் உதவியாளராக இருந்த புட்டண்ண கணகல் அதை எடுத்தார். 1972-இல் தெலுங்கில் என். டி. ராமராவ் அதே உபாத்தியாயராக நடித்தார். 1973-இல் தமிழில் மறுபடியும் அதை எடுத்தபோது ஜெமினி கணேசன் அந்தப் பாத்திரத்தை ஏற்றார். பெற்றோரைப் பிள்ளைகள் பங்கு போட்டுக்கொள்ளும் கதையைப் பிற்காலத்து இந்தியப் படங்கள் பலவற்றில் காண்கிறோம். அவற்றுக்கெல்லாம் முன்னோடியாக நிற்பது ரங்கண்ணாவின் கதை. இத்தனை பெரிய நடிகர்கள் பின்னால் ஏற்று நடித்தும், மூலமாகிய ரங்கண்ணாவின் முகமாக ரசிகர் மனத்தில் நிலைத்தது பந்துலுவின் முகமே.

இதன் பிறகு அவருடைய சரித்திரத்தில் டைரக்டரின் பங்கு ஓங்குகிறது. 1959-இல் 'வீரபாண்டிய கட்டபொம்மன்' வெளிவந்தது. சக்தி கிருஷ்ணசாமியின் வசனத்தையும் சிவாஜி கணேசனின் கர்ஜனையையும் தமிழ்நாடு இன்னும் மறக்கவில்லை. 1960-இல் கெய்ரோவில் நடந்த ஆசிய-ஆப்பிரிக்கத் திரைப்பட விழாவில் சிறந்த நடிகர் விருதைச் சிவாஜி கணேசனும், சிறந்த இசையமைப்பாளர் விருதை ஜி. ராமநாதனும் பெற்றார்கள். 1961-இல் ம. பொ. சிவஞானத்தின் நூலைத் தழுவி 'கப்பலோட்டிய தமிழன்' வந்தது. தேசிய விருது கிடைத்தது, வசூல் கிடைக்கவில்லை. அதே ஆண்டு கன்னடத்தில், வெள்ளையரை எதிர்த்த ராணியின் கதையாகிய 'கித்தூர் சென்னம்மா'வை பி. சரோஜாதேவியை வைத்து எடுத்தார். பாஞ்சாலங்குறிச்சியின் வீரனைத் தமிழருக்கும், கித்தூரின் வீராங்கனையைக் கன்னடருக்கும், இரண்டு ஆண்டு இடைவெளியில் ஒரே மனிதர் படைத்துக் கொடுத்தார் என்பதை இரு மாநிலத்தாரும் நினைவில் வைக்க வேண்டும்.

1964 பொங்கலன்று வந்த 'கர்ணன்' அவருடைய டைரக்டர் வாழ்வின் உச்சம். வர்ணத்தில், பெருஞ்செலவில், ராஜஸ்தானத்து அரண்மனைகளையும் குருக்ஷேத்திரத்துப் பரந்த வெளியையும் பின்னணியாகக் கொண்டு எடுத்த அந்தக் காவியத்தில் சிவாஜி கணேசன் கர்ணன், என். டி. ராமராவ் கிருஷ்ணன். பெற்ற பிள்ளையை ஆற்றில் விட்ட குந்தியாக நடித்தவர் எம். வி. ராஜம்மா. நடிகரான ஒருவர் டைரக்டரானால் நடிகர்களிடம் எத்தகைய மரியாதை காட்டுவார் என்பதற்கு இந்தப் படம் சாட்சி. சிறிய பாத்திரங்களுக்கும் தம் துயரத்தைச் சொல்லி முடிக்க இடம் கொடுத்திருக்கிறார். அவர் மறைந்து பல ஆண்டுகள் கழித்து, 2012-இல் அதைப் புதுப்பித்து வெளியிட்டபோது, அவர் பெயரையே கேட்டிராத இளைஞர்கள் கொட்டகைகளை நிரப்பினார்கள்.

சிவாஜி கணேசனோடு இருந்த தொழில் உறவு 'முரடன் முத்து'வோடு ஓய்ந்தது. அதன் கன்னட மூலமாகிய 'சின்னத கொம்பே'யில் ஜெயலலிதா என்ற இளம்பெண்ணைக் கதாநாயகியாக்கியிருந்தார் பந்துலு. 1965-இல் 'ஆயிரத்தில் ஒருவன்' எடுத்தபோது எம். ஜி. ராமச்சந்திரனுக்கு முதன்முறையாக ஜோடியாக்கியதும் அவரையே. 'நாடோடி', 'ரகசிய போலீஸ் 115', 'தேடிவந்த மாப்பிள்ளை' என்று எம்.ஜி.ஆர். படங்கள் தொடர்ந்தன. தங்கவயல் தொழிலாளர் குடும்பங்கள் எம்.ஜி.ஆர். மீது வைத்திருந்த அபிமானம் சாதாரணமானதன்று. பிற்காலத்தில் அண்ணா தி.மு.க. வேட்பாளரைக் கர்நாடகச் சட்டசபைக்குத் தேர்ந்தெடுத்து அனுப்பிய தொகுதி அது. அந்த அபிமானத்தை வளர்த்த படங்களில் சிலவற்றை எடுத்தவர் தங்கள் சீமையைச் சேர்ந்தவரே என்பதை அந்த ரசிகர்களில் எத்தனை பேர் அறிந்திருந்தார்களோ, சொல்வதற்கில்லை.

இவ்வளவு பெரிய டைரக்டரான பின்னரும் நடிகர் பந்துலு ஓயவில்லை. அறுபதாவது வயதில் அவர் தமக்கென்று வைத்துக்கொண்ட பாத்திரம், 1970-இல் வந்த 'ஸ்ரீ கிருஷ்ணதேவராயா'வில் மந்திரி திம்மரசு. கன்னட மக்களின் இதயத்தை ஆண்ட ராஜ்குமார் அதில் விஜயநகரத்துச் சக்கரவர்த்தி. சக்கரவர்த்தியைக் குழந்தைப் பருவத்திலிருந்து காத்து, சிம்மாசனத்தில் அமர்த்தி, ராஜ்யத்தை விரிவாக்கிக் கொடுத்து, முடிவில் வீண்பழிக்கு ஆளாகி அந்தச் சக்கரவர்த்தியின் கட்டளையாலேயே கண்ணிழந்தவர் திம்மரசு என்பது கர்ணபரம்பரை. ராஜ்குமாரின் கம்பீரத்துக்கு எதிரே, அதிகாரத்தை அடக்கமாகவும், அன்பைக் கண்டிப்பாகவும் வெளிப்படுத்தும் அந்த முதியவராகப் பந்துலு நடித்தார். கர்நாடக மாநிலத்தின் சிறந்த நடிகர் விருது அந்த நடிப்பைத் தேடி வந்தது. சென்னையிலேயே பெரும்பகுதி வாழ்நாளைக் கழித்து, தமிழில் மகத்தான படங்களை எடுத்த ஒருவரைக் கன்னட நாடு தன் சிறந்த நடிகராக ஏற்றுக் கௌரவித்தது, அவருடைய கலையின் நேர்மைக்குக் கிடைத்த நற்சாட்சிப் பத்திரம்.

அவருடைய வாழ்க்கை முழுவதையும் ஒருசேரப் பார்க்கும்போது ஓர் உண்மை தெளிவாகிறது. குமாஸ்தா, உபாத்தியாயர், மந்திரி என்று பொறுப்பைச் சுமக்கும் மனிதர்களாகவே அவர் சிறந்து நடித்தார். கட்டபொம்மனையும் கர்ணனையும் கிருஷ்ணதேவராயனையும் மற்றவர்களுக்குக் கொடுத்தார். படத்துக்குப் பணம் போடுகிறவரும் டைரக்ட் செய்கிறவரும் தாமே ஆகும்போது, நாயக வேஷத்தையும் தாமே கட்டிக்கொள்ளும் ஆசை எத்தனையோ நடிகர்களைக் கெடுத்திருக்கிறது. பந்துலு அந்த ஆசைக்கு இடங்கொடுக்கவில்லை. தன் குரல் எவ்வளவு தூரம் எட்டும் என்பதை அறிந்த பாடகனைப்போல, தம் நடிப்பின் எல்லையை அறிந்து, அந்த எல்லைக்குள் பூரணமாக நிறைந்தார். அந்த எல்லைக்கு அப்பாலுள்ளதைச் செய்யவல்லவர்களைக் கண்டுபிடித்து, அவர்களுக்கு மேடை அமைத்துக் கொடுத்தார். இந்த விவேகம் சந்திரகலா மண்டலியில் கற்றதாக இருக்கலாம். பல பாஷைக்காரர்களும் ஒருவருக்கொருவர் இடம்விட்டு வாழ வேண்டியிருந்த எல்லைச் சீமையில் ஊறியதாகவும் இருக்கலாம்.

1974-ஆம் ஆண்டு அக்டோபர் 8-ஆம் தேதி பந்துலு காலமானார். எம். ஜி. ராமச்சந்திரனை வைத்து அவர் தொடங்கியிருந்த 'மதுரையை மீட்ட சுந்தரபாண்டிய'னை, எம்.ஜி.ஆரே டைரக்டர் பொறுப்பை ஏற்று முடித்தார். 1978 பொங்கலுக்கு அது வெளிவந்தபோது அவர் தமிழ்நாட்டின் முதலமைச்சராகியிருந்தார், அதுவே அவருடைய கடைசிப் படமும் ஆயிற்று. பந்துலுவின் மகள் பி. ஆர். விஜயலட்சுமி, ஆசியாவின் முதல் பெண் ஒளிப்பதிவாளர் என்று போற்றப்பட்டு, தந்தையின் தொழிலில் வேறொரு பாதையைத் திறந்தார். புட்டண்ண கணகல், கன்னட சினிமாவின் திசையையே மாற்றிய டைரக்டராக உயர்ந்தார்.

தங்கவயலுக்கும் அந்திக்காலம் வந்தது. 1956-இல் மைசூர் அரசாங்கமும், 1962-இல் மத்திய அரசாங்கமும் ஏற்று நடத்திய சுரங்கங்களில் பொன்னின் அளவு குறைந்து செலவு ஏறியது. 3 கிலோமீட்டருக்கும் அதிகமான ஆழத்திலிருந்து தாதுவை ஏற்றுவது கட்டுப்படியாகாமற்போய், 2001-ஆம் ஆண்டு பிப்ரவரி 28-ஆம் தேதி அவை மூடப்பட்டன. சமீபகாலத்தில் அந்தச் சுரங்கங்களைக் கதைக்களமாகக் கொண்ட படங்கள் கன்னடத்திலும் தமிழிலும் பெரும் பொருட்செலவில் வந்து தேசமெங்கும் ஓடின. சினிமாவுக்குத் தங்கவயல் இன்று கதைக்களமாகியிருக்கிறது. அதற்கு வெகுகாலம் முன்பே அந்தச் சீமை சினிமாவுக்கு ஒரு நடிகரைத் தந்துவிட்டது என்பதையும் சேர்த்துச் சொல்வது நம் கடமை.

ஆகவே, தங்கவயலின் பள்ளிக்கூடங்களிலும் நூலகங்களிலும் உள்ளவர்கள், தங்கள் ஊர்ச் சரித்திரத்தை மாணவர்களுக்குச் சொல்லும்போது, சுரங்கத் தொழிலாளரின் தியாகத்தோடும் 'தமிழன்' பத்திரிகையின் தொண்டோடும் பந்துலுவின் பெயரையும் சேர்த்துச் சொல்ல வேண்டுமென்று கேட்டுக்கொள்கிறேன். தமிழ் வாசகர்களுக்கும் ஒரு விண்ணப்பம் உண்டு. கர்ணனையும் கட்டபொம்மனையும் பலமுறை பார்த்துவிட்டோம்; கன்னட 'ஸ்கூல் மாஸ்ட'ரையும் 'ஸ்ரீ கிருஷ்ணதேவராயா'வையும் ஒருமுறையாவது தேடிப் பார்ப்போமாக. தமிழ்த்திரையின் மகா நடிகர்களுக்கு மேடை கட்டிக்கொடுத்தவர், தாமும் ஒரு மகா நடிகர் என்பது அப்போது ஐயமின்றி விளங்கும்.